மைனஸ் ஒன்பது

என்னோடு வேலை பார்க்கிறவர்கள் என் முதுகுக்குப் பின்னால் எனக்கு ஒரு பெயர் வைத்திருந்தார்கள்: மைனஸ் ஒன்பது. அது தெரியவந்தபோது எனக்குக் கோபம் வரவில்லை. உண்மையைச் சொன்னால் பெருமையாகத்தான் இருந்தது.

சென்னையில் ஏதோ ஒரு கட்டடத்தில் இருக்கிற இயந்திரங்களுக்குள் ஓடும் ஜாவா அப்ளிகேஷன்களைப் பார்த்துக்கொள்வது என் வேலை. இரண்டு வருடமாகச் சங்கரன்கோவிலில் எங்கள் வீட்டு மாடியில் உட்கார்ந்தபடியே பார்க்கிறேன். படம், பொத்தான், கலர் எதுவும் கிடையாது. கறுப்புத் திரை, வெள்ளை எழுத்து, அவ்வளவுதான். ஜேபிஎஸ் என்று அடித்தால் எந்தெந்த ஜாவா புரோகிராம் உயிரோடு இருக்கிறது, ஒவ்வொன்றுக்கும் எண் என்ன என்று வரும். ஜேஸ்டாக் என்று அடித்து அந்த எண்ணைக் கொடுத்தால், புரோகிராமுக்கு உள்ளே நடக்கிற ஒவ்வொரு வேலையும் அந்த நொடியில் எங்கே நிற்கிறது, எதற்காகக் காத்திருக்கிறது என்று பக்கம் பக்கமாகக் கொட்டும். கில் என்று அடித்தால் புரோகிராம் கையில் இருப்பதை எழுதிவைத்துவிட்டு மரியாதையாகக் கிளம்பும். கில்லோடு மைனஸ் ஒன்பது சேர்த்து அடித்தால் பேச்சுவார்த்தையே இல்லை. செத்தது அதற்கே தெரியாது.

புரோகிராம் மாட்டிக்கொண்டு நின்றால் முதலில் ஜேஸ்டாக் அடித்து, வந்ததைச் சேமித்து, ஏன் நிற்கிறது என்று பார்த்த பிறகுதான் கை வைக்க வேண்டும் என்பது எங்கள் டீம் லீடர் போட்ட சட்டம். நான் ஒரு நாளும் அப்படிச் செய்ததில்லை. ஐந்நூறு வரியை எவன் உட்கார்ந்து படிப்பான்? ஜேபிஎஸ் அடிப்பேன், எண்ணை எடுப்பேன், மைனஸ் ஒன்பது. இரண்டு நிமிடத்தில் புதிதாக எழுந்து ஓடும். அடுத்த வாரம் அதே இடத்தில் மறுபடி நிற்கும். மறுபடி மைனஸ் ஒன்பது.

என் குணமே அப்படித்தான். கல்லூரிக்குப் போகிற காலத்தில், பஸ்ஸில் துண்டு போட்டு வைத்த சீட்டில் உட்கார்ந்தான் என்பதற்காக ஒருத்தனின் முன்பல்லை உடைத்திருக்கிறேன். மூன்று செல்போன்களைச் சுவரில் அடித்திருக்கிறேன். மாடியறைக் கதவில் இன்றைக்கும் என் கால் போன ஓட்டை இருக்கிறது. அதன் மேல் காலண்டர் தொங்குகிறது. எனக்குக் கோபம் வந்தால் வீட்டில் எல்லோரும் சுவரோரமாக ஒதுங்குவார்கள். அதை நான் மரியாதை என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

மாடியில் நான், கீழே தறி. அப்பா விட்டுப் போன ஆறு விசைத்தறிகளை அக்காவின் வீட்டுக்காரர் ஓட்டினார். அத்தானுக்குச் சொந்த ஊர் ராயகிரி. வயலும் வரப்புமாக இருந்த மனிதர், கல்யாணம் ஆகி இங்கே வந்து பதினெட்டு வருடமாகத் தறிக்கு நடுவில் நிற்கிறார். ஆறு தறியும் ஓடினால் மாடியில் டம்ளர் தண்ணீர் நடுங்கும். நூலைச் சுமந்து ஓடும் நாடா ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கம் பாய்ந்து அடிக்கிற அடி, தரை வழியாக ஏறி என் பல்லில் வந்து கேட்கும். மீட்டிங்கில் இருக்கும்போது மாடிப்படியில் நின்று, "அத்தான், அஞ்சு நிமிசம் அமத்துங்க!" என்று கத்துவேன். அவர் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டார். நான் மறுபடி கத்துவேன். அக்கா எங்கிருந்தோ ஓடிவந்து அவர் முழங்கையைத் தொடுவாள். அப்போதுதான் திரும்புவார், சிரிப்பார், தறியை நிறுத்துவார்.

பொண்டாட்டி தொட்டால்தான் துரை திரும்புவார், நாம் தொண்டை கிழியக் கத்தினால் மதிக்க மாட்டார். இதுதான் என் மனதில் ஓடியது. எங்கள் அப்பா வீட்டில் இருந்துகொண்டு என்னையே மதிக்கவில்லை என்று இரண்டு வருடம் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தேன்.

அன்றைக்குக் காலை பத்தரை இருக்கும். தென்மாவட்டங்களில் ஓடுகிற தனியார் ஆம்புலன்ஸ்களுக்கு ட்யூட்டி பிரித்துக் கொடுக்கிற அப்ளிகேஷன் நின்றுபோனது. வண்டி கேட்டு வருகிற அழைப்புகள் உள்ளே போகின்றன. எந்த டிரைவருக்கும் ட்யூட்டி வெளியே வரவில்லை. நான் வழக்கம்போல ஜேபிஎஸ் அடித்து எண்ணை எடுத்துவிட்டேன். டீம் லீடர் போனில் வந்தார். "கொல்லாதே. இந்தத் தடவை ஜேஸ்டாக் எடுத்தே ஆகணும். நான் சொல்லச் சொல்ல அடி," என்றார். அவர் சொன்னது எதுவும் என் காதில் விழவில்லை. கீழே ஆறு தறியும் மொத்துகின்றன.

படியில் நின்று மூன்று முறை கத்தினேன். அத்தான் எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார். அக்கா கடைக்குப் போயிருந்தாள். மூன்றாவது முறை கத்தியபோது அவர் தலையைச் சொறிந்துகொண்டார். அவ்வளவுதான், எனக்குக் கண் இருட்டிவிட்டது.

இறங்கிப் போய் மெயின் சுவிட்சைக் கீழே இழுத்தேன். ஓடுகிற தறியை அப்படி நிறுத்தக் கூடாது என்று அந்த வீட்டில் பிறந்த எனக்குத் தெரியும். பாதி வழியில் நின்ற நாடா, நீளவாக்கில் விரிந்திருந்த பாவு நூலுக்குள் மாட்டி, இரண்டு தறியில் நூல் கொத்துக் கொத்தாக அறுந்தது. அதை மறுபடி ஒவ்வொன்றாக முடிய இரண்டு நாள் ஆகும். அத்தான் திடுக்கிட்டுத் திரும்பினார். என்னையும் சுவிட்சையும் அறுந்த பாவையும் பார்த்தார்.

"ஏன் மாப்ள இப்படிப் பண்ணுதே? கோட்டி புடிச்சிருக்கா?"

அவர் எப்போதுமே சத்தமாகத்தான் பேசுவார். என் முகத்துக்கு நேரே அந்தச் சத்தம் வந்ததும் என் கை எழுந்துவிட்டது. முதல் அடி கன்னத்தில். அவர் என் மணிக்கட்டைப் பிடித்தார். நான் இடது கையால் காதோடு சேர்த்து அறைந்தேன். "கூப்பிட்டாக் கேக்காதோ? கேக்காதோ?" என்று கேட்டுக் கேட்டு அடித்தேன். அவர் ஒரு அடிகூடத் திருப்பி அடிக்கவில்லை; என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். அதுவும் எனக்குத் திமிராகத் தெரிந்தது. இரண்டு கையையும் அவர் நெஞ்சில் வைத்துத் தள்ளினேன். பின்னால் எண்ணெய் சிந்திய தரை. வழுக்கிய வேகத்தில் பின்மண்டை தறியின் இரும்புக் காலில் மோதியது. தேங்காய் உடைக்கிற சத்தம். சரிந்தவரின் வலது காதிலிருந்து ரத்தம் கோடாக இறங்கிச் சட்டைக் காலருக்குள் போனது.

அக்கா பையோடு உள்ளே வந்தது அப்போதுதான். அவள் கத்தவில்லை. பையைக் கீழே போட்டுவிட்டு அவர் தலையை மடியில் எடுத்து வைத்தாள். "ஆட்டோவக் கூட்டிட்டு வால," என்றாள். ஆட்டோவில் போகும்போது, அவர் தலையை ஒரு கையால் தாங்கியபடி, மறு கையை முஷ்டியாக்கி என் முதுகிலும் தோளிலும் குத்திக்கொண்டே வந்தாள். பஸ் ஸ்டாண்டு தாண்டும்வரை குத்தினாள். நான் வாங்கிக்கொண்டேன். வாழ்க்கையில் திருப்பி அடிக்காமல் நான் வாங்கிய முதல் அடி அதுதான்.

அரசு மருத்துவமனையில் டாக்டர் கண்ணிமையைத் தூக்கிப் பார்த்தார், காதில் வடிகிற ரத்தத்தைப் பார்த்தார். "எப்படி அடிபட்டது?"

நான் வாயைத் திறப்பதற்குள் அக்கா சொன்னாள்: "எண்ணெயில வழுக்கித் தறிக்கால்ல விழுந்துட்டாவ, சார்."

டாக்டர் என் கையைப் பார்த்தார். விரல் முட்டியில் தோல் உரிந்திருந்தது. "தலைக்குள்ள ரத்தம் கட்டுது. இங்க ஆபரேஷன் வசதி கிடையாது. உடனே திருநெல்வேலிக்குக் கொண்டு போகணும். ஆக்சிஜன் இல்லாத வண்டியில ஏத்தினீங்கன்னா வழியிலேயே போயிடுவார்," என்றார். அரசு வண்டி ஒரு பிரசவக் கேஸோடு அப்போதுதான் கிளம்பியிருந்தது. திரும்பி வர இரண்டு மணி நேரம் ஆகும். தனியார் வண்டிக்குப் பதிந்துவிட்டதாக நர்ஸ் சொன்னார். எந்த நிறுவனம் என்று கேட்டேன். பெயரைச் சொன்னார். காலையில் நின்றுபோன அப்ளிகேஷன் அவர்களுடையதுதான்.

வண்டி எங்கேயும் தொலைவில் இல்லை. மருத்துவமனை வாசலில், வேப்பமரத்தடியில் நின்றது. டிரைவர் கதவைத் திறந்து வைத்து, செல்போனைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். புளியங்குடிக்காரர், என்னைவிடச் சின்ன வயது. எடும் வண்டியை என்றேன்.

"ஆப்புல ட்யூட்டி வரல அண்ணாச்சி. நம்பர் இல்லாம எடுத்தா வேலை போயிரும். போன மாசம் ஒருத்தனை அப்படித்தான் அனுப்பிட்டாங்க."

அவர் சட்டையைப் பிடித்து இழுத்து வண்டிப் பக்கத்தில் சாத்தினேன். தகரம் அதிர்ந்தது. அவர் என் கையைத் தட்டிவிட்டார், நான் மறுபடி பிடித்தேன், அவர் முழங்கையால் என் தாடையில் இடித்தார். எனக்கு வாயில் ரத்தம் உப்புக் கரித்தது.

"என்னைய அடிச்சா வண்டி ஓடுமாவே? ஒரு மணி நேரமா எந்த வண்டிக்கும் ட்யூட்டி வரல. அந்த ஆப்பப் பாத்துக்கிடுத நாதாரிய மொதல்ல போயி அடியும். ஒவ்வொரு வாரமும் இதே எழவுதான். அழிச்சு அழிச்சுப் போடுதான், உள்ள கெடக்க கேஸெல்லாம் காணாமப் போவுது. கடையநல்லூர்ல ஒரு கெழவன் ரெண்டு மணி நேரம் ரோட்டுல கெடந்தான், தெரியுமாவே?"

எனக்குத் தெரியாது. ஒவ்வொரு முறை மைனஸ் ஒன்பது போட்டபோதும் உள்ளே காத்திருந்த அழைப்புகள் அழிந்துபோகும் என்று தெரியும். மறுபடி கூப்பிட்டுக்கொள்வார்கள் என்று விட்டுவிடுவேன். ரோட்டில் கிடக்கிறவன் எப்படி மறுபடி கூப்பிடுவான் என்று நான் யோசித்ததே கிடையாது.

சட்டையை விட்டேன். பையிலிருந்து போனை எடுத்தேன். டீம் லீடரிடமிருந்து பதினேழு தவறிய அழைப்புகள். அந்த இயந்திரத்துக்குள் போகிற அனுமதி அன்றைக்கு என் ஒருத்தனிடம்தான் இருந்தது. நான் கீழே ஒரு மனிதனை அடித்துக்கொண்டிருந்த நேரமெல்லாம் தென்மாவட்டம் முழுக்க அவர்களுடைய ஒரு வண்டியும் நகரவில்லை.

மருத்துவமனைப் படிக்கட்டில் உட்கார்ந்து, போனிலேயே அந்தக் கறுப்புத் திரையைத் திறந்தேன். ஜேபிஎஸ். எண் வந்தது. என் கட்டைவிரல் தானாகவே கில் என்று அடித்துவிட்டது, ஒரு இடைவெளி, மைனஸ், ஒன்பது. என்டர் மட்டும்தான் பாக்கி. இரண்டு நிமிடத்தில் எழுந்துவிடும். அத்தானின் பெயரை மறுபடி பதிந்தால் முதல் ட்யூட்டி அவருக்குத்தான். உள்ளே கிடக்கிற மற்றவர்களின் அழைப்புகள் அழிந்துபோகும். டீம் லீடர் மறுபடி கூப்பிட்டார், ஸ்பீக்கரில் போட்டேன்: "முப்பத்தோரு பேர் உள்ள காத்திருக்காங்க. என்ன பண்றதுன்னு நீ சொல்லு."

உள்ளே இருந்து அக்காவின் குரல் கேட்டது. அவள் டாக்டரிடம், "கொஞ்சம் பாருங்க சார், மூச்சு ஒரு மாதிரி வருது," என்று கெஞ்சிக்கொண்டிருந்தாள். முப்பத்தோரு இடத்திலும் இப்படி ஒருத்தி கெஞ்சிக்கொண்டிருப்பாள். அடித்ததை ஒவ்வொரு எழுத்தாக அழித்தேன். ஜேஸ்டாக் என்று அடித்தேன்.

கொட்டியது. என் விரலிலிருந்த ரத்தம் கண்ணாடியில் ஒட்டி எழுத்து மறைந்தது. சட்டையில் துடைத்துத் துடைத்துப் படித்தேன். ஒன்றன் கீழ் ஒன்றாக நூற்றுக்கணக்கான வேலைகள், எல்லாமே ஒரே வரி: பூட்டுக்காகக் காத்திருக்கிறது. யாரிடம் பூட்டு இருக்கிறது என்று தேடிக் கீழே போனேன். இருந்தது. ஒரே ஒரு வேலை, வழி கேட்டு வெளியே ஒரு மேப் சர்வருக்குப் போயிருக்கிறது. அங்கிருந்து பதில் வரவில்லை. பதில் வரும் வரும் என்று சாவியைக் கையில் வைத்துக்கொண்டு அது நிற்கிறது. எவ்வளவு நேரம் நிற்கலாம் என்று யாரும் அதற்குச் சொல்லிக் கொடுக்கவில்லை. மற்ற எல்லாம் அதற்குப் பின்னால் வரிசையில் நிற்கின்றன. அதன் மேல் தப்பே இல்லை.

புரோகிராமைத் தொடாமல் அந்த ஒரு இணைப்பை மட்டும் அறுக்க ஒரு வழி உண்டு. அதை நான் படித்திருக்கிறேன், செய்ததில்லை. மேப் சர்வரின் முகவரியை எழுத்து எழுத்தாகச் சரிபார்த்து அடித்தேன். என்டர். ஜேஸ்டாக் மறுபடி அடித்தேன். காத்திருந்த வரிகள் பாதியாகியிருந்தன. மூன்றாவது முறை அடித்தபோது ஒன்றுமே காத்திருக்கவில்லை.

வேப்பமரத்தடியில் டிரைவரின் போன் கூவியது. "வந்துட்டு! வந்துட்டு அண்ணாச்சி!" என்று எழுந்து ஓடி ஸ்டிரெச்சரை இழுத்தார். சற்று முன்னால் என்னை இடித்த அதே கையால் அத்தானின் தலையைப் பூப்போலத் தூக்கி வைத்தார். அந்த ஆப்பைப் பார்த்துக்கொள்கிற நாதாரி நான்தான் என்று அவரிடம் சொல்ல எனக்குத் தைரியம் வரவில்லை. இன்று வரை சொல்லவில்லை.

அத்தான் பிழைத்தார். திருநெல்வேலியில் மண்டையைத் திறந்து கட்டியிருந்த ரத்தத்தை எடுத்தார்கள். ஐந்தாம் நாள் ஒரு போலீஸ்காரர் வந்து படுக்கை அருகில் நின்று, எப்படி அடிபட்டது என்று இரண்டு முறை கேட்டார். அத்தான் அவர் வாயையே பார்த்தார். அக்கா அதை ஒரு தாளில் எழுதிக் காட்டினாள். அவர் பேனாவை வாங்கி, கோணல்மாணலாக, வழுக்கிவிட்டது என்று எழுதிக் கொடுத்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டார். நான் கட்டிலின் கால்மாட்டில் நின்றுகொண்டிருந்தேன்.

காது டாக்டர் எங்கள் இரண்டு பேரையும் அறைக்குக் கூப்பிட்டார். "வலது காது இந்த அடியில போயிடுச்சு. அது இனிமே வராது. ஆனா இடது காது இந்த அடியில போனது இல்லை. ரெண்டு காதுமே ஏழெட்டு வருஷமா ரொம்பக் கொறைஞ்சிருக்கும். தறிச் சத்தம். பின்னால இருந்து கூப்பிட்டா அவருக்கு எதுவுமே கேட்டிருக்காது. வாயசைவைப் பார்த்துத்தான் பேசியிருப்பார். வீட்டுல யாருக்கும் தெரியாதா?"

"எனக்குத் தெரியும்," என்றாள் அக்கா.

வெளியே வராந்தாவுக்கு வந்ததும் அவள் தோளைப் பிடித்தேன். ஏன் என்னிடம் சொல்லவில்லை என்று கேட்டேன். அவள் என் கையைத் தட்டிவிட்டாள்.

"சொல்லியிருந்தா என்னல பண்ணியிருப்பே? செவிட்டுப்பயன்னு சேத்து ஒரு வார்த்தை ஏசியிருப்பே. அவிய அதுக்குத்தான் பயந்தாவ. மாப்ளகிட்ட மட்டும் சொல்லாதேன்னு எங்கிட்ட சத்தியம் வாங்கியிருந்தாவ."

அவள் சொன்னதில் ஒரு சொல்கூடப் பொய் இல்லை. இரண்டு வருடமாக மாடிப்படியின் உச்சியில் நின்றே கத்தியிருக்கிறேன். ஒரு தடவை, ஒரே ஒரு தடவை பன்னிரண்டு படி இறங்கிப் போய் அவர் முகத்துக்கு நேரே நின்று கேட்டிருந்தால், அவர் சிரித்துக்கொண்டே தறியை நிறுத்தியிருப்பார்.

அலுவலகத்தில் என்னைப் பாராட்டி மெயில் வந்தது. வாராவாரம் நின்றுபோன அப்ளிகேஷனின் மூல காரணத்தை முதல் முறையாகக் கண்டுபிடித்தவன் நான்தான். முப்பத்தோரு அழைப்பில் ஒன்றுகூட அழியவில்லை என்று எழுதியிருந்தார்கள். எல்லோரும் கைதட்டுகிற பொம்மைகளை அனுப்பினார்கள். நான் லேப்டாப்பை மூடிவிட்டு, கதவில் இருக்கிற ஓட்டைக்கு மேலே தொங்கும் காலண்டரையே பார்த்துக்கொண்டிருந்தேன். அன்றைக்கு என்மேல் எனக்கு வந்த வெறுப்புக்கு, அடிக்க எதுவும் அகப்படவில்லை.

ஒன்றரை மாதம் கழித்து அத்தான் மறுபடி தறிக்கு வந்தார். மொட்டையடித்த தலையில் தையல் தழும்பு லாடம்போல வளைந்திருந்தது. ஆறு தறியும் ஓடின. அக்கா அதுவரை என்னிடம் தேவைக்கு மேல் ஒரு வார்த்தை பேசியதில்லை. அன்று மத்தியானம் அடுக்களையிலிருந்து, "அவியள சாப்பிடக் கூப்பிடுல," என்றாள். சரி என்று தலையாட்டிவிட்டுப் போனேன்.

அவர் எனக்கு முதுகைக் காட்டி, ஓடுகிற தறிக்குப் பக்கத்தில் குனிந்து, அறுந்த ஒரு நூலை முடிந்துகொண்டிருந்தார். நான் கத்தவில்லை. மெதுவாகப் பின்னால் போய், அக்கா எந்த இடத்தில் தொடுவாளோ அதே இடத்தில், முழங்கையில் தொட்டேன்.

திரும்பியவர் என்னைப் பார்த்தார். உடனே இரண்டு கையாலும் தலையைப் பொத்திக்கொண்டு, தறிக்காலோடு ஒட்டிக் கீழே உட்கார்ந்துவிட்டார். நான் சாப்பிட வாங்க என்று சொல்லத்தான் போயிருந்தேன்.